தலையைத் தூக்கி நீந்துகிறவன்

ஓர் அளவு பொய்யாக இல்லாமலே அநியாயமாக இருக்க முடியுமா? அளவு என்பது அறிவைச் சேர்ந்தது. நியாயமும் அநியாயமும் செயலைச் சேர்ந்தவை. இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்ளக் கூடாது என்று எனக்குக் கற்பித்தார்கள். நானும் பல வருஷங்கள் மற்றவர்களுக்கு அப்படியே கற்பித்தேன். அந்தப் பிரிவினை எனக்குச் சௌகரியமாக இருந்தது என்று மட்டும்தான் இப்போது சொல்ல முடிகிறது. இந்தச் சந்தேகம் தத்துவப் புஸ்தகம் எதிலிருந்தும் வரவில்லை. ஒரு பையனின் காதுமடலிலிருந்து வந்தது.

முதலில் என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். நான் உயிர்வேதியியல் படித்தவன். தின்ற சோறும் இழுத்த மூச்சும் உடம்புக்குள் எப்படி வேலையாக மாறுகின்றன என்று பார்ப்பது என் வேலை. அதையும் எல்லா உடம்பிலும் அல்ல. ஓடுகிறவர்கள், நீந்துகிறவர்கள், பளு தூக்குகிறவர்கள், அவர்களிலும் பதக்கம் வாங்கக்கூடும் என்று யாரோ நம்பிய சிலரின் உடம்பில் மட்டும். பதினெட்டு வருஷம் இதற்குச் சம்பளம் வாங்கினேன். எந்த நிறுவனம் என்பது இங்கே அவசியமில்லை.

நீச்சல்காரர்களுக்கு நாங்கள் வைத்த பரீட்சை எளிமையானது. 200 மீட்டர் நீந்தச் சொல்வோம். சிறிது ஓய்வு. மறுபடி 200 மீட்டர், சற்று வேகமாக. மறுபடி, இன்னும் வேகமாக. ஒவ்வொரு முறையும் அவன் வந்து குளத்தின் விளிம்பைப் பிடித்தவுடன் காதுமடலைத் துடைத்து, குத்தி, ஒரு சொட்டு ரத்தம் எடுப்போம். அதில் லாக்டேட் எவ்வளவு இருக்கிறது என்று பார்ப்போம். வேகத்தை ஒரு பக்கமும் லாக்டேட்டை ஒரு பக்கமும் வைத்துக் கோடு போட்டால், கோடு முதலில் தரையோடு ஊர்ந்து போகும். ஓரிடத்துக்குப் பிறகு தலையெடுத்து மேலே ஏறும். லிட்டர் ரத்தத்தில் 4 மில்லிமோல் என்ற மட்டத்தை அது எந்த வேகத்தில் தாண்டுகிறது என்பதுதான் எங்களுக்கு முக்கியம். 1970களில் ஜெர்மானியர்கள் வகுத்த கணக்கு அது. அந்த வேகம் அதிகமாக இருந்தால் ஆள் தேறுவான். குறைவாக இருந்தால் தேறமாட்டான். இவ்வளவு பச்சையாக யாரும் எழுதிவைக்கவில்லை. ஆனால் எல்லோரும் அப்படித்தான் படித்தோம்.

1993இல் ராமேஸ்வரம் தீவிலிருந்து ஒரு பையன் வந்தான். பதினைந்து வயது. பெயர் வேண்டாம். பள்ளிக்கூடப் போட்டி ஏதோ ஒன்றில் பார்த்து யாரோ அழைத்து வந்திருந்தார்கள். குளத்தில் இறங்குவதற்கு முன் தண்ணீரைக் கையில் அள்ளி வாயில் விட்டுப் பார்த்துத் துப்பினான். உப்பில்லாத தண்ணீரில் நீந்துவது அவனுக்கு வேடிக்கையாக இருந்தது. நான்காவது 200 மீட்டரிலேயே அவன் கோடு 4 மில்லிமோலைத் தாண்டிவிட்டது. அவனோடு வந்த மற்ற பையன்கள் அந்த வேகத்தில் பேசிக்கொண்டே நீந்தக்கூடியவர்கள். பயிற்சியாளர் என்னிடம் வந்து, "சார், 400 மீட்டருக்கு இவன் ஆவானா?" என்று கேட்டார். நான் காகிதத்தைக் காட்டி, "கஷ்டம்" என்றேன். ஒரு சொல்தான். மூன்றாம் நாள் அவன் விடுதியில் இல்லை. சோறு போட்டு வைத்துக்கொள்ள இடம் கணக்காக இருந்தது; ஒருவன் போனால்தான் இன்னொருவன் வரமுடியும். பயிற்சியாளரைக் குறை சொல்ல எனக்கு எதுவுமில்லை. அவர் என்னை நம்பினார்.

அதை நான் மறந்துபோனேன். ஓய்வு பெறும்போது பழைய அட்டைகளைக் கட்டிக் கொடுக்க வேண்டியிருந்தது. அவன் அட்டை கையில் வந்தது. எண்கள், கோடு, கீழே குறிப்புக்காக ஒரு கட்டம். அதில் என் கையெழுத்திலேயே எழுதியிருந்தது: 'தலையைத் தூக்குகிறான்.'

நீச்சல் தெரியாதவர்களுக்கு இதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். ஓட்டத்தில் ஒரே வேகத்தில் ஓடும் இரண்டு பேர் செலவழிக்கும் சக்தியில் பெரிய வித்தியாசம் இருக்காது. தண்ணீரில் அப்படியல்ல. தலை எழும்பினால் இடுப்பு தாழும். இடுப்பு தாழ்ந்தால் உடம்பு தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போகாமல் தள்ளிக்கொண்டு போகும். அதே வேகத்துக்கு ஒருவன் இன்னொருவனைப் போல ஒன்றரை மடங்கு, இரண்டு மடங்கு கூடச் செலவழிக்க நேரும். ஆகவே குளத்தில் எடுத்த லாக்டேட் கோடு தசையைப் பற்றி எவ்வளவு சொல்கிறதோ அவ்வளவு பழக்கத்தைப் பற்றியும் சொல்கிறது. அந்தப் பையன் தலையைத் தூக்கி நீந்தினான், ஏனென்றால் அவன் கடலில் நீந்தக் கற்றவன். கடலில் தரையில் கறுப்புக் கோடு போட்டுவைக்கவில்லை. அலை எங்கிருந்து வருகிறது, வள்ளம் எங்கே நிற்கிறது, கரை எந்தப் பக்கம் என்று பார்க்காதவன் வீடு திரும்பமாட்டான். அவனுடைய விவேகத்தை நான் அவனுடைய பலவீனமாகப் படித்தேன். படித்தேன் என்றுகூடச் சொல்ல முடியாது. பார்த்து, எழுதி, எழுதியதை வாசிக்காமல் விட்டேன்.

இங்கே ஒரு ஆட்சேபம் எழும். சரி, தப்பாகப் படித்தாய். ஆறு மாதம் தலையைத் தாழ்த்தக் கற்றுக்கொடுத்துவிட்டு அளந்திருக்க வேண்டும். முறையில் பிசகு, அவ்வளவுதானே, அறத்துக்கு இதில் என்ன வேலை? எனக்கும் இந்தச் சமாதானம் சில மாதங்கள் போதுமானதாக இருந்தது. ஆனால் ஆறு மாதம் கழித்தும் அவன் தேறாமல் போயிருக்கலாம். பெரும்பாலானவர்கள் தேறுவதில்லை. அப்போது என் ஒரு சொல் நியாயமாகியிருக்குமா? உடம்புக்குள் இப்போது என்ன எரிகிறது என்ற கேள்விக்கு என்னிடம் பதில் இருந்தது. கேட்கப்பட்டதோ, இவனுக்குச் சோறு போடலாமா என்ற கேள்வி. முதல் கேள்வியின் பதிலை இரண்டாவதற்குக் கொடுத்தேன். ரசாயனம் அந்த இடத்தில் வாய் திறந்திருக்கக் கூடாது. நான் திறந்தேன், ஏனென்றால் கேட்கிறார்களே என்ற பெருமை.

என் துறையின் சரித்திரத்தை மறுபடி வாசித்தேன். குற்றவாளி சாட்சி தேடுவதுபோல என்று வைத்துக்கொள்ளுங்கள்.

1922ஆம் ஆண்டுக்கான நோபல் பரிசை ஏ. வி. ஹில்லும் ஓட்டோ மேயர்ஹோஃபும் பகிர்ந்துகொண்டார்கள். தசை சுருங்குவதற்கு லாக்டிக் அமிலமே காரணம் என்பது அன்றைய கொள்கை. ஓட்டக்காரர்களை வைத்து அளந்து மனித உடம்பின் உச்சவரம்பு பற்றிப் பேசத் தொடங்கியவர் ஹில். 1927இல் ஹார்வர்டு மருத்துவப் பள்ளியில் சைரஸ் ஃபிஸ்கேயும் எல்லாப்பிரகட சுப்பாராவும் தசையில் பாஸ்போகிரியேட்டின் என்ற பொருளைக் கண்டார்கள், 1929இல் ஏ.டி.பி.யை. அதே வருஷம் ஜெர்மனியில் கார்ல் லோமானும் தனியாக ஏ.டி.பி.யைக் கண்டார். 1930இல் லுண்ட்ஸ்கார்ட் என்ற டேனிஷ்காரர் லாக்டிக் அமிலம் உண்டாகவே முடியாதபடி விஷம் வைத்த தசையும் சுருங்குகிறது, அப்போது செலவாவது பாஸ்போகிரியேட்டின்தான் என்று காட்டினார். நோபல் பரிசு வாங்கிய கொள்கை எட்டு வருஷத்தில் சாய்ந்தது. ஹில் அதை ஒப்புக்கொண்டு, தசை உடலியலில் ஒரு புரட்சி என்றே எழுதினார். இந்தப் பெருந்தன்மையை நம் இலக்கிய விமர்சகர்களிடம் எதிர்பார்க்கிறேன், கிடைக்கவில்லை.

லாக்டேட்டின் கதை அதோடும் முடியவில்லை. காரணம் என்ற பதவி போன பிறகு பல பத்தாண்டுகள் அது கழிவு, களைப்பின் விஷம் என்று தூற்றப்பட்டது. 1980களில் ஜார்ஜ் புரூக்ஸ் அது ஒரு தசையிலிருந்து இன்னொரு தசைக்கும் இதயத்துக்கும் போய் எரிபொருளாகும் பண்டம் என்று வாதிட்டார். இன்று அதுவே பெரும்பான்மைக் கருத்து. ஆக, நான் ஒரு பையனின் காதிலிருந்து எடுத்த சொட்டில் அளந்த பொருளின் அர்த்தமே ஒரு நூற்றாண்டுக்குள் மூன்று தரம் மாறியிருக்கிறது. எண் மாறவில்லை. 4 என்றால் அன்றும் இன்றும் 4தான்.

சுப்பாராவைப் பற்றி நம்மூரில் போதிய பேச்சு இல்லை. பீமவரத்தில் 1895இல் பிறந்தவர். சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்தவர். கதர் அங்கி போட்டுக்கொண்டு அறுவை சிகிச்சை அறைக்குப் போனதால் ஆங்கிலேயப் பேராசிரியருக்குப் பிடிக்காமல், முழுப் பட்டத்துக்குப் பதிலாக எல்.எம்.எஸ். என்ற குறைந்த சான்றிதழே கிடைத்தது என்பார்கள். சென்னை ஆயுர்வேதக் கல்லூரியில் கொஞ்ச நாள் பாடம் சொன்னார். பாஸ்டன் போய், ஆஸ்பத்திரியில் இரவு வேலை பார்த்துக்கொண்டு படித்தார். இத்தனைக்குப் பிறகும் ஹார்வர்டு அவருக்கு நிரந்தரப் பதவி தரவில்லை. 1940இல் லெடர்லே என்ற மருந்துக் கம்பெனிக்குப் போனார். யானைக்கால் நோய்க்கு நம் கிராமங்களில் வீடு வீடாகக் கொடுத்த மாத்திரை அவர் தலைமையில் அங்கே உருவானது. மனைவி இந்தியாவில் இருக்க, நாடு திரும்பாமலே 1948இல் நியூயார்க் மாகாணத்தில் இறந்தார். இன்று மதுரையிலும் சென்னையிலும் உடற்பயிற்சிக் கூடங்களில் பையன்கள் கிரியேட்டின் டப்பாவைக் குலுக்கிக் குடிக்கிறார்கள். டப்பாவில் பயில்வான் படம் இருக்கிறது.

ஏ.டி.பி.யை உடம்பின் சில்லறைக் காசு என்று பாடப்புஸ்தகத்தில் எழுதுவார்கள். எந்த நேரத்திலும் நம்மிடம் இருப்பு 100 கிராம்கூடத் தேறாது. ஆனால் அதுவே கைமாறிக் கைமாறி ஒரு நாளில் ஏறக்குறைய நம் உடம்பின் எடை அளவுக்குப் புரண்டுவிடுகிறது. இந்தக் காசு சாம்பியனின் தசையில் ஒரு மாதிரியும் மூட்டை தூக்குகிறவனின் தசையில் ஒரு மாதிரியும் இல்லை. சுப்பாராவின் பரிசோதனைக் குழாய்க்கு ஆள் தெரியாது. ஆளைத் தேர்ந்தெடுப்பது நாங்கள்.

அதே 1927இல் அதே ஹார்வர்டில் இன்னொரு இடத்தில் 'களைப்பு ஆய்வகம்' என்று ஒன்று தொடங்கப்பட்டது. ஆற்றுக்கு மறுகரையில், வணிகப் பள்ளிக் கட்டிடத்தின் நிலவறையில். களைப்பை ஆராயும் இடத்துக்கு வணிகப் பள்ளியில் ஏன் இடம் என்று கேட்டால், தொழிலாளி எப்போது களைக்கிறான் என்பது முதலாளிக்குத் தெரிய வேண்டிய விஷயம். அங்கே ட்ரெட்மில்லில் ஓடியவர்களில் கிளாரன்ஸ் டிமார் முக்கியமானவர். 1911க்கும் 1930க்கும் இடையில் பாஸ்டன் மாரத்தானை ஏழு தடவை ஜெயித்தவர். மற்றவர்கள் மூச்சு முட்டும் வேகத்தில் அவர் ரத்தத்தில் லாக்டேட் ஏறவேயில்லை. பிழைப்புக்கு அவர் அச்சுக்கூடத்தில் வேலை பார்த்தார். எழுத்துக் கோக்கிற இடத்தில் நாள் முழுக்க நின்றிருந்த அந்தக் கால்களை யாரும் அளந்ததாகத் தெரியவில்லை. ஓடும்போதுதான் அவை அறிவியலுக்குள் வந்தன. (இந்தப் பத்திரிகையை ஈய எழுத்தில் கோத்த காலத்தை நினைக்கிறவர்களுக்கு நான் சொல்வது புரியும்.) நியாயமாகச் சொல்ல வேண்டுமானால், அதே ஆய்வகத்தார் பின்னால் ஹூவர் அணைத் தொழிலாளர்களிடமும் மிசிசிப்பியின் குத்தகை விவசாயிகளிடமும் போனார்கள். வெயிலில் வேலை செய்கிறவனுக்கு உப்பும் தண்ணீரும் எவ்வளவு தேவை என்பது அந்த வேலையில் தெளிந்தது. ஒரே கருவி, கேள்வி வேறு.

கேள்வியின் வித்தியாசத்தை நம் ஊரிலேயே பார்க்கலாம். 1876-78 பஞ்சத்தின்போது வைஸ்ராய் லிட்டன் சென்னை ராஜதானிக்கு சர் ரிச்சர்ட் டெம்பிளை அனுப்பினார். நிவாரண வேலை செய்யும் ஆண் ஒருவனுக்கு நாளொன்றுக்கு ஒரு பவுண்டு தானியமும் கூட ஓரணாவும் போதும் என்று டெம்பிள் 1877இல் நிர்ணயித்தார். சில வருஷங்களுக்கு முன் பீகார் பஞ்சத்தில் தாராளமாகச் செலவழித்துக் கெட்ட பெயர் வாங்கியவர் அவர். இந்தத் தடவை ஜாக்கிரதையாக இருந்தார். அவரை எதிர்த்தவர் சென்னையின் சுகாதார ஆணையர் டாக்டர் கார்னிஷ். கருணையின் பெயரால் அல்ல, உடலியலின் பெயரால் எதிர்த்தார். மண் வெட்டுகிற உடம்பு இவ்வளவு செலவழிக்கிறது, நீ இவ்வளவு கொடுக்கிறாய், மிச்சத்தை அது தன் சதையிலிருந்தே எடுத்துக்கொள்ளும் என்பதுதான் அவருடைய வாதத்தின் சாரம். பிறகு கூலி உயர்த்தப்பட்டது; அதற்குள் போனவர்கள் போய்விட்டார்கள். இருவருமே அளவுக்காரர்கள். டெம்பிள், இந்த உடம்பை எவ்வளவில் நிறுத்தலாம் என்று கேட்டார். கார்னிஷ், இந்த உடம்புக்கு என்ன ஆகிறது என்று கேட்டார். நான் வெகுநாள் என்னைக் கார்னிஷின் வாரிசு என்றே நினைத்திருந்தேன்.

போன வருஷம் தனுஷ்கோடிக்குப் போனேன். பையனைத் தேடித்தான் போனேன் என்று சொன்னால் முழு உண்மையாகாது. பார்க்காமல் திரும்பினாலும் பரவாயில்லை என்ற நினைப்போடு போனேன்.

1964 டிசம்பர் புயலில் அழிந்த ஊர். பாம்பனிலிருந்து வந்த ரயிலோடு சேர்த்துக் கடல் கொண்டுபோனது. வசிக்கத் தகாத இடம் என்று அரசாங்கம் சொன்ன பிறகும் மீனவர்கள் குடிசை போட்டு இருந்துகொண்டுதான் இருக்கிறார்கள். முன்பெல்லாம் மணலில் வேனில் குலுங்கிப் போகவேண்டும்; 2017இல் அரிச்சல்முனை வரை தார் ரோடு போட்டுவிட்டார்கள். இடிந்த தேவாலயத்துக்கு முன்னால் நின்று எல்லோரும் படம் எடுத்துக்கொள்கிறார்கள்.

நீச்சலின் சரித்திரத்தில் இந்தக் கரைக்கு ஓர் இடம் உண்டு. 1966 ஏப்ரலில் மிகிர் சென் தலைமன்னாரிலிருந்து 25 மணி 36 நிமிஷம் நீந்தி இந்தக் கரையில்தான் ஏறினார். ஊர் அழிந்து ஒன்றரை வருஷம்கூட ஆகியிருக்கவில்லை. வரவேற்க ஊரில்லாத கரையில் ஏறிய அந்த மனிதருடைய உடம்பில் மிச்சம் என்ன இருந்திருக்கும் என்று என் தொழில்புத்தி கேட்கிறது. வல்வெட்டித்துறைக் குமார் ஆனந்தன் 1971இல் 51 மணி நேரத்தில் போய்த் திரும்பினார். 1984இல் ஆங்கிலக் கால்வாயைக் கடக்கும் முயற்சியில் இறந்துபோனார். 1994இல் குற்றாலீஸ்வரன், பன்னிரண்டு வயதில். நான் அந்தப் பையனை 'கஷ்டம்' என்று சொன்னதற்கு அடுத்த வருஷம். அன்று பத்திரிகையில் படம் பார்த்துப் பெருமைப்பட்டேன். இரண்டையும் சேர்த்து நினைக்க எனக்குத் தோன்றவில்லை. இவர்களையெல்லாம் விட இந்தக் கரைக்காரர்கள் முதலில் சொல்லும் பெயர் நீச்சல் காளி. புயல் ராத்திரியில் நீந்திப் பிழைத்தவர் என்கிறார்கள். அவருக்கு வேகம், நேரம், தூரம் என்ற கணக்கு ஒன்றும் சொல்வதில்லை. பிழைத்தார், அவ்வளவுதான்.

நான் போன அன்று கரைவலை இழுத்துக்கொண்டிருந்தார்கள். வலையின் இரு கயிறுகளையும் ஆணும் பெண்ணுமாக இரண்டு வரிசை பிடித்து, குதிகாலை மணலில் புதைத்து, சாய்ந்து, ஓரடி ஓரடியாகப் பின்னால் வந்தார்கள். கடைசி ஆள் கயிற்றை விட்டுவிட்டு மறுபடி தண்ணீரோரம் போய் முதல் ஆளாகப் பிடிப்பான். சில மணி நேரம் நீடிக்கும் வேலை. யாரும் மூச்சு வாங்கவில்லை. களைப்பு ஏறுவதற்குச் சற்றுக் கீழே ஒரு வேகத்தை வரிசை முழுவதும் பிடித்து வைத்திருந்தது. நான் ஊசி வைத்துத் தேடிய எல்லையை அவர்கள் பாட்டும் ஏலமுமாகக் கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள் என்று எழுதத் தோன்றுகிறது. ஆனால் இது நகரவாசியின் பரவசம். வரிசையில் ஒரு கிழவரின் உள்ளங்கை வெடித்திருந்தது. வலையில் அன்று வந்தது கொஞ்சம் சூடையும் நிறையக் குப்பையும்.

பையனின் சின்னம்மாவைப் பாம்பன் பக்கத்துக் கிராமம் ஒன்றில் பார்த்தேன். பாசி எடுக்கிறவர். இந்தப் பகுதிப் பெண்கள் மன்னார் வளைகுடாவின் தீவுகளைச் சுற்றி, காற்றுக்குழாய் எதுவுமில்லாமல், கண்ணாடி மாட்டிக்கொண்டு, விரல்களில் துணியைச் சுற்றிக்கொண்டு மூழ்கிப் பாறையில் படர்ந்த பாசியைப் பறிக்கிறார்கள். அது அகார் செய்யப் போகிறது. பரிசோதனைச்சாலைகளில் கிருமி வளர்க்கும் தட்டில் ஊற்றுவதும் அந்த அகார்தான். நான் எத்தனை ஆயிரம் தட்டு ஊற்றியிருப்பேன். கடலில் எத்தனை விநாடி மூச்சடக்கிப் பறித்தது என்று ஒரு தட்டையும் பார்த்து யோசித்ததில்லை. கடல் தேசியப் பூங்காவாக 1986இல் அறிவிக்கப்பட்டதிலிருந்து தீவுகளுக்குப் போவதற்கும் இவர்களுக்கு ஓயாத தகராறு.

பாசியை மணலில் பரப்பிக்கொண்டிருந்தார். நான் யார் என்று சொன்னேன். அப்போது நடந்ததையும் சொன்னேன். தப்பு என் பேரில்தான் என்று சொல்ல முயன்றேன். அவர் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

"அவன் நல்லாத்தான் இருக்கான் ஐயா. போட்டுக்குப் போறான். ரெண்டு புள்ளை. அங்க சோறு நல்லாருந்துச்சுன்னு சொன்னான். பால், முட்டை எல்லாம் குடுத்தீகளாம்ல."

"நீச்சலை விட்டுட்டானா?"

"நீச்சலை எப்பிடி விடுறது?" என்று சிரித்தார். பிறகு, "காதுல குத்தி ரெத்தம் எடுத்தாகன்னு வந்து காட்டுனான். இத்துனூண்டு. ஆறேழு வாட்டி. என்னத்துக்குன்னு அவனுக்குச் சொல்லத் தெரியல. என்னத்துக்கு ஐயா?"

உடம்பில் எவ்வளவு தெம்பு இருக்கிறது என்று பார்க்க, என்றேன்.

"பாத்தீகளா?"

பார்த்தோம் என்றேன்.

"பெறகு அந்த ரெத்தத்தை என்ன செஞ்சீக?"

கழுவிவிடுவோம், என்றேன். அவர் பாசிக்குள்ளிருந்து ஒரு சிப்பியைப் பொறுக்கித் தூர எறிந்துவிட்டு, அடுத்த கைப்பிடியை உதறத் தொடங்கினார்.